கலர்க்காரி எடுத்த நான்கு கவுன்கள்

கலர்க்காரி எங்கே என்று கேட்டால் கடைத்தெருவில் யாரும் கை காட்டுவார்கள். இரும்புச் சாமான் கடைக்கும் சாவிக் கடைக்கும் நடுவில் இருக்கும் பெயிண்ட் கடையில், கலவை இயந்திரத்துக்குப் பக்கத்தில் நிற்கிற குட்டையான பெண். அப்பா இறந்த வருஷம் பள்ளிக்கூடத்துப் பையைத் தூக்கிப் போட்டுவிட்டு அங்கே வேலைக்குச் சேர்ந்தாள். தலையில் நரை எட்டிப் பார்க்கத் தொடங்கிய பிறகும் அதே இடம், அதே ஸ்டூல். கல்யாணம் அவளையும் தேடி வரத்தான் செய்தது. வந்த நேரத்தில் அவள் வண்டியிலிருந்து சரக்கு இறக்கிக்கொண்டிருந்தாள். போன கல்யாணம் திரும்பி வரவில்லை, அவளும் அதைத் தேடிப் போகவில்லை.

வாடிக்கையாளர்களுக்கு அவள் ஓதும் பாட்டு ஒன்று உண்டு. "கடைக்குள்ள பாத்து முடிவு பண்ணாதீங்க. ஒரு சின்ன டப்பா வாங்கிட்டுப் போய் சுவத்துல கையகலம் தடவிப் பாருங்க. காலைல பாருங்க, சாயங்காலம் பாருங்க, லைட்டைப் போட்டும் பாருங்க. எல்லா நேரமும் பிடிச்சிருந்தா மட்டும் வாங்க." அவள் வாயைத் திறக்கும்போதே முதலாளி பின்னால் நின்று உதட்டை அசைத்துக் கிண்டல் செய்வார். அந்த அளவுக்குச் சொல்லியிருக்கிறாள்.

அவளுக்குத் தங்கை ஒருத்தி. வீட்டில் சின்னவள். பல் ஆஸ்பத்திரியில் வேலை. கலர்க்காரி படிக்காத படிப்பையெல்லாம் சின்னவள் படித்தாள். அந்தச் சின்னவளுக்குத்தான் கல்யாணம், அதுவும் கடற்கரையில், மாலை வெயிலில். பெண்ணுக்குப் பின்னால் மணத்தோழிகள் நான்கு பேர் நிற்க வேண்டும். சின்னவளோடு வேலை பார்க்கும் மூன்று பேர்: நெட்டை, கண்ணாடி, எதற்கெடுத்தாலும் சிரிக்கிற சிரிப்பு. நான்காவது ஆள் அக்கா.

"எனக்கு எதுக்குடி இந்த வயசுல கவுனு?" என்றாள் கலர்க்காரி.

"நீ நிக்கலன்னா கல்யாணமே இல்ல" என்றாள் சின்னவள். பேச்சு அதோடு முடிந்தது.

கவுனுக்கு என்ன நிறம் என்பதில்தான் வம்பு வந்தது. மாப்பிள்ளைக்கு ஒரு அக்கா. கல்யாண அலங்காரத் தொழில். கையில் துணி மாதிரிகள் கோத்த வளையம் ஒன்றைச் சாவிக்கொத்து போல ஆட்டிக்கொண்டே பேசுவார். கலர்க்காரியும் சின்னவளும் அவரை அண்ணி என்று கூப்பிட்டார்கள். தன் தம்பி கல்யாணத்துக்கு அவர் மணல் நிறம், சிப்பி நிறம், நுரை நிறம், பனிமூட்ட நிறம் என்று நான்கை எடுத்து வைத்திருந்தார். நான்கையும் சேர்த்துப் பிடித்தால் ஒரே துணியை நான்கு தடவை துவைத்தது மாதிரி இருந்தது என்று கலர்க்காரிக்குத் தோன்றியது. அண்ணியின் ரசனையை அவள் குறை சொல்லவில்லை. படத்தில் பார்த்தால் கண்ணுக்குக் குளிர்ச்சியாகத்தான் இருந்தது. அவளுடைய கவலை வேறு.

அந்தக் கவலைக்குப் பெயர் அம்மா.

அம்மா ரயிலில் டிக்கெட் பரிசோதகராக இருந்தவள். பெட்டிக்குள் ஏறி ஒரு பார்வை பார்த்தால் போதும், டிக்கெட் எடுக்காதவன் தானாக எழுந்து நிற்பான் என்று கூட வேலை பார்த்தவர்கள் சொல்வார்கள். அம்மா அதை மறுத்ததே இல்லை. பெண்கள் இரண்டு பேரும் வீட்டில் ஒரு பொய்கூடச் சொல்ல முடியாமல் வளர்ந்தார்கள். அப்படிப்பட்ட கண்ணுக்குத்தான் நடுவில் புகை விழுந்துவிட்டது. பார்க்கிற இடம் மங்கலாக இருக்கும், ஓரம் மட்டும் தெரியும். எதிரில் நிற்பவரின் முகம் இருக்க வேண்டிய இடத்தில் ஒரு கறை. கண் டாக்டர் ஒளித்துப் பேசவில்லை. போனது போனதுதான், இருப்பதும் இன்னும் மங்கும், முழு இருட்டு ஆகாது என்றார்.

இது கலர்க்காரிக்கு மட்டும்தான் தெரியும். "சின்னவளுக்குத் தெரிஞ்சா கல்யாணத்தைத் தள்ளி வச்சிட்டு ஆஸ்பத்திரி ஆஸ்பத்திரியா என்னை இழுத்துட்டு அலைவா. சம்பந்தி வீட்டுக்குத் தெரிஞ்சா ஆளாளுக்கு என் கையைப் பிடிச்சுக் கூட்டிட்டுப் போவாங்க. மூச்சு விட்டே, நான் உங்கூடப் பேசவே மாட்டேன்" என்றாள் அம்மா. பிறகு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். "ஒண்ணே ஒண்ணுதான்டி எனக்கு. அன்னைக்குச் சின்னவளை நானே பாக்கணும். இதோ வர்றா, அதோ நிக்கிறான்னு யாரும் என் காதுல சொல்லக் கூடாது."

கலர்க்காரி அன்று சாப்பிடவில்லை. அம்மா எதையும் கேட்டு அவள் பார்த்ததில்லை. உத்தரவு போட்டுத்தான் பார்த்திருக்கிறாள்.

சின்னவளின் கவுன் வெள்ளை. வாங்கியாகிவிட்டது. வெள்ளை மணலில், வெள்ளை அலைக்கு முன்னால், வெளுத்த துணி கட்டிய நான்கு பேர் நடுவில், வெள்ளைக் கவுனோடு சின்னவள் வந்து நின்றால் அம்மாவுக்கு என்ன தெரியும்? ஒன்றும் தெரியாது. வெள்ளை ஜன்னல் சட்டம் வெள்ளைச் சுவரில் காணாமல் போகிறது என்று புலம்பிக்கொண்டு கடைக்கு வருகிறவர்கள் எத்தனையோ பேர். வெள்ளை எடுப்பாகத் தெரிய வேண்டுமானால் அதன் பின்னால் அழுத்தமான நிறம் வேண்டும். சின்னவள் தெரிய வேண்டுமானால் தோழிகள் அழுத்தமாக உடுத்த வேண்டும்.

எந்த அழுத்தம் என்று பார்க்க, துணிக்கடையில் கெஞ்சிக் கொஞ்சம் வெட்டுத் துண்டுகள் வாங்கிக்கொண்டு, விடுமுறை நாள் காலையில் அம்மாவைக் கடற்கரைக்கு அழைத்துப் போனாள். அம்மாவை ஒரு கல்லில் உட்கார வைத்துவிட்டு, தூரமாகப் போய் நின்று ஒவ்வொன்றாகத் தூக்கிப் பிடித்தாள்.

"என்ன கலர்?"

"மஞ்சள்!"

"இது?"

"பச்சை!"

எல்லாம் சரியாக வந்தது. கலர்க்காரிக்குச் சந்தேகம் வந்தது. இதே அம்மா கண் ஆஸ்பத்திரியில் முன்னால் போனவர் படித்த எழுத்துகளைக் காதால் கேட்டு மனப்பாடம் செய்து ஒப்பித்தவள். வீட்டிலிருந்து கிளம்பும்போது பைக்குள் துண்டுகளை வைத்த வரிசையை அம்மா ஓரக்கண்ணால் பார்த்திருக்கிறாள். கலர்க்காரி பேசாமல் பச்சையையே மறுபடி தூக்கினாள்.

"நீலம்!" என்றாள் அம்மா, கொஞ்சமும் தயங்காமல்.

"அம்மா! இது பச்சை!"

"அப்ப வரிசைய ஏன்டி மாத்துன?"

டிக்கெட் இல்லாதவர்களை வாழ்நாள் முழுக்கப் பிடித்த பெண்மணி கையும் களவுமாக மாட்டிக்கொண்டாள். இரண்டு பேரும் சிரித்தார்கள். அதன் பிறகு அம்மா ஏமாற்றவில்லை. மஞ்சள் நிறம் வெயிலில் கரைந்து போனது. ரோஜா நிறம் தெரியவே இல்லை. கடைசியில் தேறியவை சிவப்பு, கருநீலம், இலைப்பச்சை, ஆரஞ்சு. எத்தனை தடவை வரிசை மாற்றிக் காட்டினாலும் அந்த நான்கும் அம்மாவுக்குப் பிடிபட்டன.

சின்னவளும் மற்ற மூன்று தோழிகளும் கூடியிருந்தபோது அந்த நான்கையும் கொண்டுபோய் அண்ணியின் மேசையில் வைத்தாள். அண்ணி ஒவ்வொன்றையும் எடுத்துத் தன் வளையத்துக்குப் பக்கத்தில் வைத்துப் பார்த்தார்.

"இது கல்யாணமா, சர்க்கஸா?" என்றார் பிறகு. "கோவிச்சுக்காதீங்க. கடற்கரைன்னா மனசுக்கு இதமா இருக்கணும். நீங்க சுவத்துக்குப் பாக்கிற மாதிரி பாக்கிறீங்க."

"ஆமா அண்ணி, சுவத்துக்குப் பாத்துதான் பழக்கம். ஆனா எனக்கு இதுதான் வேணும்."

"ஏன்னு ஒரு காரணம் சொல்லுங்க, யோசிக்கிறேன்."

காரணம் நாக்கு நுனியில் நின்றது. சொல்ல முடியாது. "எனக்குப் பிடிச்சிருக்கு" என்றாள், கேட்பவருக்கே எரிச்சல் வரும்படி. நெட்டை மோட்டுவளையைப் பார்த்தாள். கண்ணாடி கண்ணாடியைக் கழற்றித் துடைத்தாள். சிரிப்புக்குக்கூடச் சிரிப்பு வரவில்லை. வயசான காலத்தில் ஆசையைப் பார் என்று மூன்று பேரும் நினைப்பது கலர்க்காரிக்குக் கேட்காமலே கேட்டது. முகம் சுண்டிப் போனாலும் பிடித்த பிடியை அவள் விடவில்லை. ஒற்றைக் காலில் நின்றாள்.

சின்னவள் அக்காவின் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். "அண்ணி, எங்க அக்கா இதுவரைக்கும் எங்கிட்ட எதையுமே கேட்டதில்ல. எனக்கும் இந்த ஆரஞ்சு பிடிக்கலதான். இருந்தாலும் அவ கேட்டது நடக்கட்டும்."

அண்ணி பெருமூச்சு விட்டு வளையத்தை மேசைமேல் போட்டார். கவுன்கள் தைக்கப் போயின. சிவப்பு கலர்க்காரிக்கு, கருநீலம் நெட்டைக்கு, பச்சை கண்ணாடிக்கு, ஆரஞ்சு சிரிப்புக்கு. வெற்றிதான். ஆனால் அன்று வீட்டுக்குப் போகிற வழியெல்லாம் கலர்க்காரிக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது.

கல்யாணத்துக்கு முந்தின நாள் மாலை ஒத்திகை வைத்தார்கள். மணலில் நாற்காலிகள் போட்டு, கடல் பக்கம் வளைவு நட்டிருந்தார்கள். கடலில் சூரியன் இறங்க, அதற்கு முன்னால் பெண்ணும் மாப்பிள்ளையும் நிற்பதுதான் அண்ணியின் திட்டம். பல மாதமாக அவர் மனதில் இருந்த படம் அது. தோழிகள் நான்கு பேரும் கவுன் மாட்டிக்கொண்டு வளைவுக்குக் கீழே போய் நின்றார்கள். அம்மா முதல் வரிசையில் உட்கார்ந்திருந்தாள்.

கலர்க்காரி வளைவுக்குக் கீழிருந்து அம்மாவைப் பார்த்தாள். அம்மா கையைக் கண்ணுக்கு மேல் வைத்து, தலையை இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் திருப்பித் தேடிக்கொண்டிருந்தாள். கலர்க்காரிக்குத் திக்கென்றது. வரிசையிலிருந்து ஓடிவந்து அம்மாவின் நாற்காலிக்குப் பக்கத்தில் குனிந்து அங்கிருந்து பார்த்தாள்.

சூரியனுக்கு எதிரில் மூன்று கறுப்பு உருவங்கள். நீலமும் இல்லை, பச்சையும் இல்லை, ஆரஞ்சும் இல்லை. நல்ல கண் உள்ள அவளுக்கே ஒன்றும் பிரித்துப் பார்க்க முடியவில்லை. காலையில் வெயில் முதுகுப் பக்கம் இருந்தபோது பார்த்துவிட்டு, மாலையில் நடக்கும் கல்யாணத்துக்கு நிறம் எடுத்திருக்கிறாள்! சாயங்காலமும் பாருங்கள் என்று ஊருக்கெல்லாம் ஓதியவள், தன் வீட்டுக் காரியத்தில் கோட்டைவிட்டுவிட்டாள். கவுனோடு அப்படியே மணலில் உட்கார்ந்து தேம்பினாள்.

"என்னாச்சு? என்னாச்சு?" என்று அண்ணி ஓடி வந்தார். சின்னவளும் வந்தாள். "அக்கா, மயக்கமா?"

கலர்க்காரி வாயைத் திறக்கவில்லை. வாயைத் திறந்தால் அம்மாவுக்குக் கொடுத்த வாக்கு போய்விடும். வாய் திறக்காவிட்டால் நாளைக்கு அம்மா எதையும் பார்க்க முடியாது. அந்த நிலைமையில்தான் அம்மா எழுந்து நின்றாள்.

"அவளை விடுங்க. நான் சொல்றேன். எனக்குக் கண்ணு சரியாத் தெரியல." பரிசோதகருக்கே உரிய குரல். கடைசி நாற்காலி வரைக்கும் கேட்டது. "நான் உங்களையெல்லாம் பாக்கணும்னுதான் இவ அந்தக் கலரை எடுத்தா. நீங்க திட்டினப்ப எல்லாம் வாயை மூடிட்டிருந்தா. நான்தான் மூடச் சொன்னேன். இப்ப எம்பொண்ணு மணல்ல உக்காந்து அழறதப் பாத்துட்டு எனக்கு என்ன கௌரவம் வேண்டியிருக்கு?"

சின்னவள் அம்மாவைக் கட்டிப்பிடித்துக்கொண்டாள். கல்யாணத்தைத் தள்ளிவைக்கலாமா என்று அவள் வாயெடுக்கும் முன்னே, "அந்தப் பேச்சே இருக்கக் கூடாது" என்று அம்மா அடக்கிவிட்டாள்.

அண்ணி கடலைப் பார்த்தார். அவருடைய சூரியன் அவர் நினைத்தது மாதிரியே, தங்கத் தகடாக இறங்கிக்கொண்டிருந்தது. பிறகு எதிர்ப்பக்கம் திரும்பிக் கரையைப் பார்த்தார். அங்கே உயிர்காப்புப் படகுகள் வைக்கும் கொட்டகையின் பெரிய சுவர் இருந்தது. பாசி பிடித்து, காரை உதிர்ந்து, யாரோ கரியால் கிறுக்கிய சுவர்.

"நாற்காலியை எல்லாம் திருப்புங்க" என்றார் அண்ணி.

"அண்ணி?"

"வெயில் அத்தை முதுகுப் பக்கம் இருக்கணும். வெளிச்சம் உங்க மேல விழணும். அப்பதானே அத்தைக்குத் தெரியும்? வளைவைப் பிடுங்கி அந்தச் சுவத்துக்கு முன்னாடி நடுங்க. கடல் எங்கேயும் போயிடாது, கல்யாணம் முடிஞ்சதும் எல்லாரும் திரும்பிப் பாத்துக்கட்டும்." குரல் கொஞ்சம் உடைந்தது. உடனே சரியாகிவிட்டது. "ஆனா அந்தச் சுவரு..."

கலர்க்காரி எழுந்து மணலைத் தட்டிக்கொண்டாள். "சுவரை எங்கிட்ட விடுங்க அண்ணி."

கொட்டகைக் காவலரிடம் கேட்டபோது அவர் கையெடுத்துக் கும்பிடாத குறை. "அடிச்சுக்கோங்கம்மா. நானும் கேட்டுக் கேட்டு அலுத்துப் போயிட்டேன்."

மறுநாள் விடிந்ததும் கடை வண்டி கடற்கரைக்கு வந்தது. முதலாளியே ஓட்டிக்கொண்டு வந்தார், கல்யாணப் பரிசு என்று டப்பாக்களை இறக்கினார். என்ன நிறம் அடிப்பது? கலர்க்காரி அண்ணியின் வளையத்தை வாங்கி நுரை நிறத் துண்டைக் காட்டினாள். "உங்க கலர்தான் அண்ணி. எங்க நாலு பேருக்கும் பின்னாடி இதுதான் வேணும்." அண்ணி துப்பட்டாவை இடுப்பில் இறுக்கிக் கட்டிக்கொண்டு தானே ஒரு பெயிண்ட் உருளையை எடுத்தார். நெட்டைக்கு ஏணி தேவைப்படவில்லை. கண்ணாடி கீழ்ப்பகுதியைச் சுரண்டினாள். சிரிப்பு மணலில் பெயிண்டைக் கொட்டிவிட்டுச் சிரித்தாள். கலர்க்காரி எல்லோரையும் விரட்டினாள். "அங்க திட்டா இருக்கு பாருங்க! மேல இருந்து கீழ இழுங்க!" இத்தனை வருஷமாகப் பெயிண்ட் விற்றவள் தன் கையால் ஒரு பெரிய சுவரை அடித்தது அன்றுதான். உச்சி வெயிலுக்குள் சுவர் காய்ந்து பளிச்சென்று நின்றது. அவளுக்கு இருந்த சந்தோஷத்தில் அதைக் கட்டிப்பிடித்துக்கொள்ளத் தோன்றியது. ஈரம் போயிருக்குமா என்ற பயத்தில் விட்டுவிட்டாள்.

மாலையில் விருந்தினர்கள் வந்தார்கள். கடலுக்கு முதுகைக் காட்டிப் போட்ட நாற்காலிகளைப் பார்த்துச் சிலர் முணுமுணுத்தார்கள். அண்ணி ஒரு முறை முறைத்ததும் உட்கார்ந்துவிட்டார்கள். சுவருக்கு முன்னால் நான்கு தோழிகளும் நெருக்கமாக நின்றார்கள். மாலை வெயில் நேராக அவர்கள்மேல் அடித்தது. கண் கூசியது, ஆனால் யாரும் கையைத் தூக்கி மறைக்கவில்லை.

அம்மா வந்தாள். தனியாக. மணலில் பாதம் புதைய, ஆனால் எதையும் தடவாமல், நாற்காலிகளுக்கு நடுவே நடந்து நேராகத் தோழிகளுக்கு முன்னால் வந்து நின்றாள். தலையைக் கொஞ்சம் சாய்த்து, ஓரப் பார்வையால் வரிசையை அளந்தாள்.

"நெட்டை. கண்ணாடி. இந்தா சிரிப்பு, இன்னைக்காவது கொஞ்சம் அடக்கி வாசி." கடைசியாகச் சிவப்பிடம் வந்தாள். "இது என் பெரியவ" என்று மட்டும் சொல்லிவிட்டு, திரும்பிப் போய் முதல் வரிசையில் உட்கார்ந்துகொண்டாள்.

கலர்க்காரிக்குச் சந்தேகம் விட்டபாடில்லை. நிறத்தை வைத்து ஆளைச் சொல்வது பெரிய காரியமில்லை, வரிசையை மனப்பாடம் செய்திருக்கலாம். அம்மாவை அவளுக்குத் தெரியாதா? சின்னவள் வந்து நிற்கும்போதும் "ஆகா, தெரியுது, தெரியுது" என்று மனசு நோகாமல் பொய் சொல்லிவிடுவாள். எப்படிக் கண்டுபிடிப்பது?

பாட்டு மாறியது. சின்னவள் பக்கவாட்டிலிருந்து மணலில் நடந்து வந்தாள். எல்லோரும் எழுந்து நின்றார்கள். அவள் மாப்பிள்ளைக்கு எதிரில், பச்சைக்கும் ஆரஞ்சுக்கும் முன்னால் வந்து நின்றாள். அப்போதுதான் கலர்க்காரி கவனித்தாள். காலையெல்லாம் உட்கார வைத்துப் போட்ட கொண்டையைக் காணோம்! கொட்டகைக்குப் பின்னால் காற்றில் பாதி கலைந்துபோயிருக்கிறது, இந்தப் பெண் பொறுமை இழந்து முழுசாக அவிழ்த்துவிட்டிருக்கிறாள். கறுத்த கூந்தல் அத்தனையும் வெள்ளைக் கவுன்மேல் புரண்டது. அதைப் பற்றி அம்மாவின் காதில் யாரும் ஒரு வார்த்தை போட்டிருக்க நேரமில்லை.

"அடியே!" முதல் வரிசையிலிருந்து குரல் வெடித்தது. "கொண்டையை எதுக்குடி அவுத்த?"

பாட்டு நின்றது. சின்னவள் கூந்தலில் கை வைத்தாள். பிறகு அவளுக்குப் புரிந்தது. "அம்மா, தெரியுதாம்மா?" என்று கத்தினாள்.

"தெரியாம என்ன? முடியை விரிச்சுப் போட்டுட்டு வந்து நிக்கிற!"

அண்ணி வாயைப் பொத்திக்கொண்டு அழுதார். சிரிப்பு முதன்முதலாகச் சிரிக்க வேண்டிய இடத்தில் சிரித்தாள். கூட்டம் முழுக்கக் கைதட்டியது, எதற்கென்று பாதிப் பேருக்குத் தெரியாது. கலர்க்காரி அழவில்லை. வெயிலைப் பார்த்து நிமிர்ந்து நின்றாள். அவளுடைய வாழ்நாளில் அவ்வளவு நேராக அவள் நின்றதே இல்லை. ஜெயிச்சுட்டேன், ஜெயிச்சுட்டேன் என்று உள்ளுக்குள் குதித்துக்கொண்டிருந்தாள்.

கல்யாணம் நடத்தி வைக்க வந்தவர் இளைஞர். தொண்டையைச் செருமிக்கொண்டு அம்மாவின் பக்கம் திரும்பினார். "அம்மா, ஆரம்பிக்கலாமா?"

"இருங்க தம்பி" என்றாள் அம்மா. "நான் இன்னும் பாத்து முடிக்கல."

எல்லோரும் காத்திருந்தார்கள்.